பக்கத்தில் நின்ற நடிகர்: ஜான் லெ மெஷரரின் திரை வாழ்க்கை

ஜான் லெ மெஷரர் பிரிட்டனின் குணச்சித்திர நடிகர். 1948 முதல் 1980 வரை நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். தொலைக்காட்சியிலும் வானொலியிலும் செய்தவை தனி. ராணுவ அதிகாரி, நீதிபதி, டாக்டர், வக்கீல், போலீஸ் அதிகாரி, ஆபீஸ் மேலாளர், பாதிரியார் என்று பிரிட்டிஷ் சமூகத்தில் கோட்டும் டையுமாகத் திரிந்த ஆட்களில் அவர் போடாத வேடம் குறைவு. பல படங்களில் அவருக்கு ஒரே ஒரு காட்சிதான். கதாநாயகனாக நடிக்க அவர் ஆசைப்பட்டதாகவும் தெரியவில்லை. அப்படிப்பட்டவர் தமது ஐம்பத்தாறாவது வயதில் பிபிசியின் ‘டாட்ஸ் ஆர்மி’ நகைச்சுவைத் தொடரில் சார்ஜென்ட் வில்சனாக வந்து, நாடே அறிந்த முகமானார். துணை வேடங்களிலேயே ஒருவர் ஆயுள் முழுவதும் எப்படிப் பிழைக்க முடியும், அந்த வேலைக்கு என்ன திறமை வேண்டும் என்பதற்கு அவர் வாழ்க்கை நல்ல விளக்கம்.

அவர் 1912 ஏப்ரல் 5 அன்று பெட்ஃபோர்டில் பிறந்தார். இயற்பெயர் ஜான் எல்ட்டன் லெ மெஷரர் ஹாலிலி. அப்பா வக்கீல். அம்மாவின் குடும்பம் பிரெஞ்சுக் கரையை ஒட்டிய சேனல் தீவுகளைச் சேர்ந்தது; லெ மெஷரர் என்பது அம்மா வழிப் பெயர். குடும்பம் சஃபோக் மாவட்டத்தின் பரி செயின்ட் எட்மண்ட்ஸ் ஊரில் குடியேறியது. வசதியான வீட்டுப் பிள்ளைகள் போகும் ஷெர்போர்ன் உறைவிடப் பள்ளிக்கு அவரையும் அனுப்பினார்கள். அந்தப் பள்ளி நாட்களை அவர் கடைசிவரை கசப்புடனேயே நினைத்தார். படிப்பு முடிந்ததும் உள்ளூர் வக்கீல் அலுவலகம் ஒன்றில் பயிற்சி எழுத்தராகச் சேர்ந்தார். அப்பாவின் தொழிலுக்கே போய்ச் சேரும் பாதை அது. அதை 1933-இல் விட்டுவிட்டு, லண்டனில் நடிகை ஃபே காம்ப்டன் நடத்திய நாடகப் பள்ளியில் சேர்ந்தார். உடன் படித்தவர்களில் ஒருவர் அலெக் கின்னஸ். பின்னாளில் அவர் உலகப் புகழ் பெற்ற கதாநாயகனானார். லெ மெஷரர் வேறு வழியில் போனார்.

அந்தக் காலத்து பிரிட்டிஷ் நடிகர்களுக்கு உண்மையான பள்ளிக்கூடம் ஊர் ஊராக இருந்த ரெப்பர்ட்டரி நாடகக் குழுக்கள்தான். ‘ரெப்’ என்று சுருக்கமாகச் சொல்வார்கள். ஒரு நிரந்தரக் குழு, ஒரு அரங்கம், வாரம் ஒரு புது நாடகம். இரவில் இந்த வார நாடகத்தை நடிக்க வேண்டும். பகலில் அடுத்த வார நாடகத்துக்கு ஒத்திகை. வசனத்தைத் தூக்கத்தைக் கெடுத்துத்தான் நெட்டுரு போட முடியும். இந்த வாரம் இளங்காதலன், அடுத்த வாரம் வேலைக்காரன், அதற்கடுத்த வாரம் கொலைகாரன். சமகால நாடகமென்றால் சூட்டும் விருந்து உடையும் நடிகரே கொண்டுவர வேண்டும் என்பது பல குழுக்களில் வழக்கம். சம்பளம் சொற்பம். ஆனால் பாத்திரத்தை ஒரே பார்வையில் பிடித்துக்கொள்வது, எதிரில் இருப்பவர் வசனத்தை மறந்தால் பதறாமல் தாங்கிப்பிடிப்பது, மேடையில் பேச்சே இல்லாத நேரத்திலும் உயிரோடு நிற்பது ஆகிய மூன்றையும் ரெப் கற்றுக்கொடுத்தது. லெ மெஷரர் 1934-இல் எடின்பரோவில் இப்படி ஒரு குழுவில் தொடங்கி, ஷெஃபீல்ட் போன்ற ஊர்களில் பல ஆண்டுகள் உழைத்தார். ஓல்டம் ஊர்க் குழுவில் அசந்து தூங்கி ஒரு காட்சியைத் தவறவிட்டதால் ஒரே வாரத்தில் வேலை போனதும் உண்டு. 1937-இல் அப்பாவின் பெயரை விட்டு அம்மாவின் பெயரைத் தொழில்பெயராக வைத்துக்கொண்டார்.

1938-இலேயே அவர் தொலைக்காட்சியில் தோன்றிவிட்டார் என்பது பலருக்கு வியப்பாக இருக்கும். பிபிசியின் முறையான ஒளிபரப்பு 1936 நவம்பரில்தான் லண்டனின் அலெக்சாண்ட்ரா பேலஸ் கட்டடத்தில் தொடங்கியிருந்தது. லண்டன் வட்டாரத்தில் மட்டுமே படம் தெரியும். பெட்டி வைத்திருந்த வீடுகள் சில ஆயிரமே. நாடகங்கள் நேரடியாக ஒளிபரப்பாயின. நடித்து முடித்ததும் காற்றோடு போயின. பதிவு எதுவும் மிஞ்சவில்லை. 1939 செப்டம்பரில் போர் மூண்டதும் தொலைக்காட்சியே நிறுத்தப்பட்டது.

1940 செப்டம்பரில் ஜெர்மன் விமானங்கள் லண்டனைத் தாக்கியபோது அவர் வாடகைக்கு இருந்த வீட்டின் மேல் குண்டு விழுந்தது. ராணுவத்தில் சேரச் சொல்லி வந்திருந்த உத்தரவுக் காகிதமும் அதில் அழிந்தது. சில நாட்களில் அவர் பயிற்சி முகாமுக்கு டாக்சியில் போய் இறங்கினார். உடன் கோல்ஃப் மட்டைகளும் இருந்தன. டாங்கிப் படைப்பிரிவில் அதிகாரியாகி, 1943-இல் பிரிட்டிஷ் இந்தியாவின் வடமேற்கு எல்லைப்புறத்துக்கு அனுப்பப்பட்டு, கேப்டன் பதவியோடு 1946-இல் வெளிவந்தார். அவர் சண்டை போட்ட வீரரில்லை. உத்தரவு போடும் இடத்தில் இருந்தும் உத்தரவு போடக் கூச்சப்பட்ட அதிகாரியாக இருந்தார். அந்த அனுபவம் இருபது ஆண்டுகளுக்குப் பிறகு அவருக்குச் சோறு போடப் போகிறது என்று அப்போது யாரும் நினைத்திருக்க முடியாது.

போர் முடிந்து வந்தவருக்கு வயது முப்பத்து நான்கு. கையில் பெயருமில்லை, படமுமில்லை. 1948-இல் ஒரு குறும்படத்தில் முதன்முதலாகத் திரையில் தோன்றினார். அன்றைய பிரிட்டிஷ் சினிமாவின் அமைப்பு இவரைப் போன்றவர்களுக்கு இடம் கொடுத்தது. உள்நாட்டுப் படங்கள் இத்தனை பங்கு காட்டியே ஆக வேண்டும் என்று 1927-ஆம் ஆண்டுச் சட்டம் திரையரங்குகளைக் கட்டாயப்படுத்தியிருந்தது. ஒரே டிக்கெட்டில் இரண்டு படம் காட்டும் பழக்கமும் இருந்தது. பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டுவதற்காக மலிவான துப்பறியும் படங்கள் சில வாரங்களில் எடுத்து முடிக்கப்பட்டன. அவற்றுக்கு ஒத்திகைக்கு நேரமில்லை. காலையில் வந்து உடையை மாட்டி, வசனத்தைப் பிசகாமல் சொல்லி, மாலையில் கிளம்பிப்போகும் நடிகர்கள் ஏராளமாகத் தேவைப்பட்டார்கள். ரெப்பில் பழுத்தவர்கள் அதற்கென்றே வார்க்கப்பட்டவர்கள்.

குணச்சித்திர நடிகரின் பிழைப்பு ஏஜென்ட்டின் தொலைபேசியில் இருக்கிறது. வியாழக்கிழமை ஒரு நாள் வேலை, வேடம் போலீஸ் சூப்பரின்டெண்டன்ட் என்று செய்தி வரும். விடியற்காலையில் பைன்வுட் ஸ்டுடியோவிலோ ஷெப்பர்ட்டன் ஸ்டுடியோவிலோ ஒப்பனை அறைக்குப் போக வேண்டும். பிறகு காத்திருப்பு. கதாநாயகனுக்குக் கதையோடு மூன்று மாதம் பழக்கம் இருக்கும். துணை நடிகர் அன்று காலைதான் உள்ளே நுழைகிறார். யாரையும் தெரியாது, எந்த அளவில் பேசுகிறார்கள் என்றும் தெரியாது. முதல் டேக்கிலேயே அந்த உலகத்தில் பத்து வருஷம் வாழ்ந்த ஆள்போல இருக்க வேண்டும். இதைப் பிசகில்லாமல் செய்பவருக்கு அடுத்த அழைப்பு வரும். ஒருமுறை சொதப்பினால் வராது. நட்சத்திரத்துக்குக் கிடைக்கும் மன்னிப்பு துணை நடிகருக்குக் கிடைப்பதில்லை. லெ மெஷரருக்கு அழைப்பு நின்றதே இல்லை. 1959-இல் வந்த பிரம்மாண்டமான ‘பென்-ஹர்’ படத்தில்கூட ஒரு டாக்டராக வந்து போனார்.

அவர் முகம் அதற்கு உதவியது. நீண்ட முகம், தளர்ந்த கண்ணிமைகள், எதையோ சொல்ல வந்து வேண்டாமென்று விட்டுவிட்டது போன்ற வாய். பார்த்தவுடன் படித்த, பெரிய இடத்து ஆள் என்று தெரியும். அதே நொடியில், இவருக்கு இந்த உலகம் சரியாகப் புரியவில்லை என்றும் தெரியும். தாம் உண்டாக்காத குழப்பத்தில் மாட்டிக்கொண்டு விழிக்கும் நல்ல மனிதனை நடிப்பதே தமது தனித்தொழில் என்று அவரே விளக்கியிருக்கிறார். போருக்குப் பின் பேரரசு கைநழுவிக்கொண்டிருந்த பிரிட்டனில் அந்த முகத்துக்கு ஒரு பொருள் இருந்தது. அதிகாரம் இன்னும் இவர்கள் கையில்தான். ஆனால் அதை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று இவர்களுக்கே தெரியவில்லை. அன்றைய நகைச்சுவைப் படங்கள் இதைத்தான் திரும்பத் திரும்பக் காட்டின.

அந்தப் படங்களில் முக்கியமானவற்றை எடுத்தவர்கள் இரட்டையர்களான ஜான், ராய் போல்டிங் சகோதரர்கள். ராணுவம், நீதிமன்றம், தொழிற்சாலை, வெளியுறவுத் துறை என்று ஒவ்வொரு நிறுவனத்தையும் ஒவ்வொரு படத்தில் கேலி செய்தார்கள். நடிகர்களையும் ஒரு குழுபோலத் தொடர்ந்து பயன்படுத்தினார்கள். 1956-இல் வந்த ‘பிரைவேட்ஸ் ப்ராக்ரஸ்’ படத்தில் லெ மெஷரர் ராணுவ மனநல மருத்துவர். 1959-இல் வந்த ‘ஐ’ம் ஆல் ரைட் ஜாக்’ படத்தில் தொழிலாளர்களின் வேலை நேரத்தை ஒளிந்து நின்று அளக்கும் அதிகாரி. முகம் அடிக்கடி வெட்டி இழுக்கும் அந்த ஆள், மற்றவர்களின் வேகத்தை அளப்பவனுக்குத் தன் நரம்பே அடங்கவில்லை என்பதை ஒரு வசனமும் இல்லாமல் சொல்லிவிடுகிறார். பீட்டர் செல்லர்ஸ் தொழிற்சங்கத் தலைவராக ஆட்சி செய்யும் படம் அது. அதற்குள்ளும் அந்த முகத்துடிப்பு நினைவில் நிற்கிறது.

1960-இல் வந்த ‘ஸ்கூல் ஃபார் ஸ்கவுண்ட்ரல்ஸ்’ படத்தில் அவர் வரும் உணவகக் காட்சியைப் பார்த்தால் துணை நடிப்பின் வேலை என்னவென்று புரியும். இயன் கார்மைக்கேல் நடித்த அப்பாவி இளைஞன் தான் விரும்பும் பெண்ணை விருந்துக்கு அழைத்து வருகிறான். அவனுக்கென்று ஒதுக்கிய மேஜை இல்லை. தலைமைப் பணியாளரான லெ மெஷரர் மரியாதை குறையாத சொற்களிலேயே அவனைப் புழுவைப் போல நடத்துகிறார். டெரி-தாமஸ் நடித்த பகட்டுக்காரன் உள்ளே நுழைந்ததும் அதே ஆள் நெளிந்து குழைகிறார். குரல் உயரவில்லை, கைகால் ஆடவில்லை. முதுகு மட்டும் சில அங்குலம் வளைகிறது. இளைஞனின் அவமானம் பார்ப்பவர் நெஞ்சில் தைப்பதற்குக் காரணம் அந்த வளைவுதான். கதாநாயகன் படும் பாட்டை நாம் நம்புவது எதிரில் நிற்பவரால். கச்சேரியில் மிருதங்கக்காரர் எங்கே அடக்கி வாசிக்கிறார் என்பதைப் பொறுத்துப் பாட்டின் உயரம் தெரிவதுபோல.

நகைச்சுவை நடிகர் டோனி ஹான்காக்கோடு அவர் சேர்ந்து செய்தவை இந்தக் காலத்தின் சிறந்த வேலைகள். ஹான்காக்கின் தொலைக்காட்சித் தொடர் ஐம்பதுகளின் இறுதியில் பிரிட்டனையே வீட்டில் உட்கார வைத்தது. அதில் லெ மெஷரர் டாக்டராகவும், இன்னொரு கதையில் பழுதாகி நின்ற லிஃப்டுக்குள் மாட்டிக்கொண்ட விமானப்படை உயரதிகாரியாகவும் வந்தார். 1961-இல் வந்த ‘த ரெபெல்’ படத்தில், கணக்குப் பேரேட்டில் படம் வரைந்து வைத்திருக்கும் குமாஸ்தா ஹான்காக்கை அழைத்து விசாரிக்கும் மேலாளர். மனிதருக்குக் கோபம் வரவில்லை. உண்மையான வருத்தம் வருகிறது. அதனாலேயே சிரிப்பு வருகிறது. 1963-இல் வந்த ‘த பஞ்ச் அண்ட் ஜூடி மேன்’ படத்தில் கடற்கரையில் மணல் சிற்பம் செய்யும் கலைஞர். மழை வந்தால் கரைந்துபோகும் பொருளை அக்கறையோடு இழைப்பவர். அவர் நடித்த சின்ன வேடங்களில் மனதைத் தொடுவது இதுவே.

சொந்த வாழ்க்கையில் அவருக்கு மூன்று திருமணங்கள். இரண்டாம் மனைவி ஹேட்டி ஜேக்ஸ், ‘கேரி ஆன்’ படங்களால் அவரைவிடப் பெரிய நட்சத்திரம். 1949-இல் மணந்த அவர்களுக்கு இரண்டு மகன்கள். ஹேட்டிக்கு இன்னொருவரோடு உறவு ஏற்பட்டு 1965-இல் விவாகரத்து நடந்தபோது, பத்திரிகைகள் அவரைக் கிழித்துவிடக் கூடாதென்று பழியைத் தம் மேல் போட்டுக்கொண்டார் லெ மெஷரர். மறு வருடம் ஜோன் என்பவரை மணந்தார். சிறிது காலத்தில் ஜோனுக்கும் நண்பர் ஹான்காக்குக்கும் இடையே காதல் மூண்டதும், குடிப்பழக்கத்தில் சிதைந்த ஹான்காக் 1968 ஜூனில் சிட்னியில் உயிரை மாய்த்துக்கொண்டதும், ஜோன் கணவரிடமே திரும்பி வாழ்ந்ததும் ஜோன் தாமே எழுதி வெளியிட்டவை. திரையில் தெரிந்த மென்மை நடிப்புக்காக மாட்டிக்கொண்டது அன்று என்பதற்கு மேல் இதில் தேட எதுவுமில்லை.

ஹான்காக் இறந்த அடுத்த மாதம், 1968 ஜூலை 31 அன்று, ‘டாட்ஸ் ஆர்மி’ தொடங்கியது. 1940-இல் ஜெர்மனி படையெடுத்து வரும் என்ற அச்சத்தில், வயது கடந்தவர்களையும் ராணுவத்தில் எடுக்கப்படாதவர்களையும் கொண்டு ஊர்தோறும் ‘ஹோம் கார்ட்’ என்ற காவல் படை அமைக்கப்பட்டது. பதின்வயதில் அதில் இருந்த ஜிம்மி பெர்ரி, அதை வைத்து நகைச்சுவைத் தொடர் எழுத நினைத்து, தயாரிப்பாளர் டேவிட் கிராஃப்டோடு சேர்ந்து எழுதினார். கதை நடக்கும் இடம் வால்மிங்டன்-ஆன்-சீ என்ற கற்பனைக் கடலோர ஊர். அங்கே வங்கி மேலாளர் மேனரிங் தம்மைத் தாமே கேப்டனாக்கிக்கொள்கிறார். அவர் கீழ் வேலை பார்க்கும் தலைமை எழுத்தர் வில்சன் சார்ஜென்ட். கடைநிலை எழுத்தர் பைக் சிப்பாய். கறிக்கடைக்காரர் ஜோன்ஸ், சவ அடக்கம் செய்யும் ஃப்ரேசர், ஓய்வுபெற்ற காட்ஃப்ரே, கள்ளச்சந்தைக்காரர் வாக்கர் ஆகியோர் மற்றவர்கள்.

மேனரிங்காக நடித்த ஆர்தர் லோ குள்ளமான, விறைப்பான மனிதர். லெ மெஷரர் உயரமான, மேட்டுக்குடிச் சாயல் உள்ளவர். பார்த்தவர் யாராக இருந்தாலும் லெ மெஷரர்தான் கேப்டன், லோதான் சார்ஜென்ட் என்று நினைப்பார்கள். அதைத் தலைகீழாகப் போட்டதில்தான் தொடரின் உயிர் இருந்தது. பிரிட்டனில் ஒருவர் வாய் திறந்ததுமே எந்தப் பள்ளியில் படித்தவர், எந்த வகுப்பில் பிறந்தவர் என்று எடை போட்டுவிடுவார்கள். மேனரிங் சாதாரணப் பள்ளியில் படித்து, உழைத்து மேலே வந்தவர். பதவி இருக்கிறது, பிறப்பின் மிடுக்கு இல்லை. வில்சன் பெரிய இடத்துப் பிள்ளை. மிடுக்கு இருக்கிறது, பதவியில் ஆசை இல்லை. ஒருவருக்கு மற்றவரிடம் இருப்பது தீராத எரிச்சல். 1973-இல் வந்த ஒரு பகுதியில் உறவினர் இறந்ததால் வில்சனுக்குப் பரம்பரைக் கௌரவப் பட்டம் வந்துசேர்கிறது. மேனரிங் வருடக்கணக்கில் நுழையத் தவித்த கோல்ஃப் கிளப் உடனே வில்சனைக் கூப்பிடுகிறது. மேனரிங் முகத்தில் தெரியும் வலி பொய்யில்லாதது.

லெ மெஷரர் இந்த வேடத்தை உடனே ஏற்கவில்லை. தயங்கி, நண்பர் கிளைவ் டன் சேருகிறாரா என்று பார்த்து, ஒரு பகுதிக்கு 262 பவுன் 10 ஷில்லிங் என்று சம்பளம் உயர்ந்த பிறகே ஒப்புக்கொண்டார். வில்சனை எப்படி நடிப்பது என்று யோசித்து, ராணுவத்தில் தாம் இருந்தபடியே இருந்துவிடுவது என்று முடிவு செய்தார். சீருடையில் ஒன்றிரண்டு பொத்தானைப் போடாமல் விட்டார். கைப்பட்டையைச் சற்று மடித்துவிட்டார். அணிவகுத்து நிற்கச் சொல்லும் கட்டளையை, உங்களுக்குச் சிரமம் இல்லையென்றால் நின்றால் நன்றாயிருக்கும் என்ற தொனியில் சொன்னார். மேனரிங் எதையாவது அதிரடியாகத் திட்டமிடும்போது, அது புத்திசாலித்தனம்தானா சார் என்று மெல்லக் கேட்பார். எண்பது பகுதிகளில் திரும்பத் திரும்ப வந்த இந்தக் கேள்வி நாட்டின் அன்றாடப் பேச்சிலேயே கலந்துவிட்டது.

இவரது நடிப்பின் நுட்பம் பேசாத இடங்களில் தெரியும். சிப்பாய் பைக்கின் விதவைத் தாயோடு வில்சனுக்கு நெருக்கம். பைக் அவரை எல்லார் முன்னாலும் முதல்பெயர் சொல்லி ‘ஆர்தர் மாமா’ என்று கூப்பிட்டுவிடுவான். பைக் வில்சனின் மகன்தானோ என்ற ஐயத்தைத் தொடர் கடைசிவரை தீர்த்து வைக்கவில்லை. அந்த ‘மாமா’ காதில் விழும்போதெல்லாம் லெ மெஷரர் கையைக் கொண்டுபோய் நெற்றியிலோ கழுத்திலோ வைப்பார். கண் கூரையைப் பார்க்கும். உதட்டில் ஒரு அசட்டுச் சிரிப்பு வந்து மறையும். இரண்டு நொடி வேலை. அதில் வெட்கம், பாசம், இந்தப் பேச்சு எப்போது முடியும் என்ற ஏக்கம் எல்லாம் இருக்கும்.

1970-இல் வந்த ஒரு பகுதி முழுக்க அவருடையது. வில்சனுக்குப் பக்கத்து ஊரில் வங்கி மேலாளர் பதவியும் ராணுவ அதிகாரி பதவியும் ஒருசேரக் கிடைக்கின்றன. மேனரிங் துரோகம் செய்துவிட்டதுபோலக் குமுறுகிறார். வில்சன் இதுவரை எதற்கும் ஆசைப்படாதவர் என்று நாம் நினைத்திருந்தோம். இப்போது அவர் முகத்தில் முதல்முறையாக ஒரு பெருமிதம் ஏறுகிறது. பொறுப்பேற்ற நாளிலேயே குண்டு விழுந்து அந்த வங்கிக் கிளை நாசமாகிறது. பழைய இடத்துக்கே திரும்புகிறார். அரைமணி நேர நகைச்சுவைக்குள் ஒரு மனிதனின் நிறைவேறாத வாழ்க்கையை லெ மெஷரர் காட்டிவிடுகிறார். அழுகையோ முறையீடோ கிடையாது.

அந்தத் தொடரே துணை நடிகர்களால் கட்டப்பட்டது என்பதையும் சொல்ல வேண்டும். ஃப்ரேசராக நடித்த ஜான் லாரிக்கு வயது எழுபதைத் தாண்டியிருந்தது. ஹிட்ச்காக்கின் ‘த 39 ஸ்டெப்ஸ்’ படத்தில் நடித்தவர். காட்ஃப்ரேயாக வந்த ஆர்னால்ட் ரிட்லி முதல் உலகப் போரில் சோம் களத்தில் காயம்பட்டவர். ‘த கோஸ்ட் ட்ரெய்ன்’ என்ற புகழ்பெற்ற நாடகத்தை எழுதியவர். கிழவர் ஜோன்ஸாக நடித்த கிளைவ் டன்னுக்கு நாற்பத்தெட்டுதான். அவர் இரண்டாம் உலகப் போரில் ஜெர்மானியர்களிடம் கைதியாக இருந்தவர். வெளிப்புறக் காட்சிகளை நார்ஃபோக்கின் தெட்ஃபோர்ட் பக்கம் எடுத்தார்கள். உள்காட்சிகள் லண்டன் ஸ்டுடியோவில் பார்வையாளர் முன்னிலையில் பதிவாயின. ஆளாளுக்கு முப்பது நாற்பது வருடம் யாருக்கோ பக்கத்தில் நின்று பழகியவர்கள். ஒருவர் பேசும்போது மற்றவர் அவரை மறைக்காமல், அதே சமயம் செத்தும் போகாமல் நிற்கத் தெரிந்தவர்கள். ஒரு நட்சத்திரத்தைச் சுற்றி எழுதியிருந்தால் இந்தத் தொடர் இவ்வளவு நாள் நின்றிருக்காது. 1977 நவம்பர் வரை ஒன்பது பருவங்கள் ஓடியது. 1971-இல் திரைப்படமாகவும், 1975-இல் மேடை நிகழ்ச்சியாகவும் வந்தது.

தொடர் உச்சத்தில் இருந்தபோதுதான் அவருக்கு வாழ்நாளின் பெரிய வேடம் கிடைத்தது. டென்னிஸ் பாட்டர் எழுதிய ‘டிரெய்ட்டர்’ நாடகம் 1971 அக்டோபரில் பிபிசியின் ‘ப்ளே ஃபார் டுடே’ வரிசையில் ஒளிபரப்பானது. சோவியத் யூனியனுக்கு உளவு சொல்லி மாஸ்கோவுக்குத் தப்பிய ஆங்கிலேயர் ஏட்ரியன் ஹாரிஸ், தமது சிறு குடியிருப்பில் மேற்கத்திய நிருபர்களுக்குப் பேட்டி கொடுக்கிறார். குடிக்கிறார், தமது கொள்கையை நியாயப்படுத்துகிறார், சிறுவயது நினைவுகளில் உடைந்து சிதறுகிறார். கிம் ஃபில்பி போன்ற நிஜ உளவாளிகளின் நிழல் விழுந்த பாத்திரம். ஏறக்குறைய முழு நாடகமும் லெ மெஷரர் தோளில். அதுவரை சிரிக்கவைத்த அதே தயக்கமும் அதே தழைந்த குரலும் இங்கே அச்சமூட்டின. உறைவிடப் பள்ளியில் தனிமையில் வளர்ந்த பிள்ளையின் காயத்தை அவர் வெளியே தேட வேண்டியிருக்கவில்லை. இந்த நடிப்புக்காக பாஃப்டாவின் சிறந்த தொலைக்காட்சி நடிகர் விருது அவருக்குக் கிடைத்தது. இதற்குப் பிறகாவது தயாரிப்பாளர்கள் அவரை நம்பிப் பெரிய வேடங்கள் தந்திருக்க வேண்டும். தரவில்லை. பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்கு அது ஒரு இழப்பு.

அவர் பழையபடி வந்த வேலையைச் செய்தார். அதற்கு முன் 1969-இல் வந்த ‘த இட்டாலியன் ஜாப்’ படத்திலேயே, கைதியான நோயல் கவர்ட் சிறையைத் தம் மாளிகைபோல நடத்த, அவர் முன் கைகட்டி நிற்கும் சிறை அதிகாரியாக வந்திருந்தார். 1975-இல் ‘பாட்’ என்ற குழந்தைகள் நிகழ்ச்சிக்குக் கதைசொல்லியாகக் குரல் கொடுத்தார். 1977-இல் டெரி கில்லியமின் ‘ஜாபர்வாக்கி’ படத்தில் கிழட்டு மன்னரின் அமைச்சர். 1981-இல் பிபிசி வானொலி ‘த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ கதையை நாடகமாக்கியபோது பில்போ. அதே வருடம் ‘பிரைட்ஸ்ஹெட் ரீவிசிட்டட்’ தொடரில் ஒரு பாதிரியார். குணச்சித்திர நடிகருக்கு வயது எதிரியன்று. கதாநாயகனுக்கு முகம் சுருங்கினால் சந்தை போகும். இவருக்குச் சுருக்கம் கூடக்கூட வேடமும் கூடியது. குடியால் கல்லீரல் கெட்டு உடல் இளைத்த பிறகும் வேலை வந்தது.

1982 ஏப்ரலில் ஆர்தர் லோ காலமானார். ‘டாட்ஸ் ஆர்மி’ பாத்திரங்களைப் போருக்குப் பின்னான காலத்தில் வைத்து எழுதிய வானொலித் தொடர் அவரோடு முயன்று பார்க்கப்பட்டிருந்தது. அதை மாற்றி எழுதியபோது லெ மெஷரர் மேனரிங் இல்லாமல் வில்சனாகப் பேசினார். அடுத்த வருடம், 1983 நவம்பர் 15 அன்று, கடலோர ஊரான ராம்ஸ்கேட்டில் எழுபத்தொரு வயதில் இறந்தார். தாம் போய்ச் சேர்ந்துவிட்டதாகவும், குடும்பத்தையும் நண்பர்களையும் பிரிந்து வருந்துவதாகவும் தம் பெயரிலேயே ஒரு அறிவிப்பை அவர் முன்கூட்டி ஏற்பாடு செய்திருந்தார்; அது ‘த டைம்ஸ்’ நாளிதழில் வெளியானது. கிடைத்த வேலையைச் செய்து பிழைக்கும் நடிகன் என்று பொருள்படத் தம் தன்வரலாற்றுக்குப் பெயர் வைத்திருந்தார். ‘எ ஜாபிங் ஆக்டர்’ 1984-இல் வெளிவந்தது.

துணை நடிகர்களின் உழைப்பு எளிதில் அழிந்துபோகக் கூடியது. ஐம்பதுகளின் நேரடி நாடகங்கள் பெரும்பாலும் பதிவாகவே இல்லை. பதிவான நாடாக்களையும் பிபிசி மறுபடி பயன்படுத்துவதற்காக அழித்துவந்தது. 1969-இல் ஒளிபரப்பான ‘டாட்ஸ் ஆர்மி’ பகுதிகளில் மூன்று இன்றுவரை கிடைக்கவில்லை. 2019-இல் அவற்றைப் பழைய எழுத்துப் பிரதியை வைத்து வேறு நடிகர்களோடு மறுபடி எடுத்தார்கள். ராபர்ட் பாதர்ஸ்ட் வில்சனாக நடித்தார். 2016-இல் வந்த புதிய திரைப்படத்தில் அந்த வேடம் பில் நைக்குப் போனது. இருவரும் தேர்ந்த நடிகர்கள்தாம். ஆனால் பிபிசி இன்னும் மறுஒளிபரப்பு செய்வது பழைய தொடரைத்தான். அது எங்காவது காணக் கிடைத்தால், ஒரு பகுதியை வழக்கம்போலப் பாருங்கள். பிறகு அதையே இரண்டாம் முறை, மேனரிங் பேசும்போதெல்லாம் அவரை விட்டுவிட்டு வில்சன் முகத்தை மட்டும் பாருங்கள்.